கொட்டச் சொன்ன சரக்கு

1

இந்தக் கதையை எழுத வேண்டும் என்று எனக்கு எந்த வேண்டுதலும் இல்லை. அத்தான் எழுதச் சொன்னார். செய்தித்தாளில் பொதிந்த மீனுடன் என் அறைக்கு வந்தவர், அதை மேசைமேல் வைத்துவிட்டு, மீனும் ஒயினும் உலக வணிகத்தில் எப்படிக் கூடிக் குலாவின என்று ஒரு கட்டுரை வேண்டும், சட்டம் போட்டுக் கடையில் மாட்டப் போகிறேன் என்றார். மீன் வியாபாரிக்கு எதற்கு வரலாறு என்று கேட்டேன். அப்போதுதான் விஷயம் வெளியே வந்தது.

"உங்க அக்கா குடோன் நடுவுல சுவர் எழுப்பப் போறா மச்சான். திங்கக்கிழமை கொத்தனார் வர்றாரு. சரித்திரமே சேர்த்து வெச்சத இவ பிரிக்கலாமான்னு எழுது. நீ எழுதினா படிப்பா."

அத்தான் மீன் விற்பவர். அக்கா ஒயின் விற்பவள். இருவருக்கும் ஒரே கிடங்கு; மாடியில் வீடு. கீழே சுவர் வந்தால் மேலேயும் வரும் என்று எனக்குத் தெரியும். அக்கா ஏற்கெனவே தன் தலையணையை முன்னறைக்கு மாற்றிவிட்டாள்.

அன்று மாலையே அக்கா ஒரு புட்டியுடன் வந்தாள். அவர் கேட்டதை எழுதாதே என்றாள். புட்டியையும் வாங்கிக்கொண்டேன். ஆகவே, வாசகரே, நான் முற்றிலும் நடுநிலையானவன். இரண்டு பக்கமும் கை நீட்டியிருக்கிறேன்.*

* மீன் அன்றே தீர்ந்தது. புட்டி இந்த வரியை எழுதும்போது பாதி இருக்கிறது. கதை எங்காவது அக்கா பக்கம் சாய்வதாகத் தெரிந்தால் காரணம் அதுதான்.

2

கட்டுரையின் முதல் தொடக்கம்:

"பண்டைக் காலத்தில், பாய் விரித்த கப்பல் ஒன்று, வயிறு நிறைய ஜாடிகளுடன், காற்றைக் கிழித்துக்கொண்டு—"

வேண்டாம். காற்றைக் கிழிக்காத கப்பலை நான் எந்தக் கதையிலும் பார்த்ததில்லை.

இரண்டாவது தொடக்கம்:

"உப்புதான் இந்த வரலாற்றின் கதாநாயகி."

இதுவும் வேண்டாம். கதாநாயகி என்றால் வசனம் கொடுக்க வேண்டும்.

நேராகவே சொல்லிவிடுகிறேன். மீன் பிடிபட்ட கணத்திலிருந்து கெடத் தொடங்கும். ஒயின் காற்றுப்பட்டால் புளிக்கும். கெட்டுப்போகிற பண்டத்தைக் கெடாமல் தூர தேசம் கொண்டுபோவது எப்படி என்ற கவலையில்தான் பாதி வணிகம் வளர்ந்திருக்கிறது. [இந்தப் 'பாதி' என் கைச்சரக்கு, யாரும் மேற்கோள் காட்ட வேண்டாம்.] குளிர்ந்த கடல்களில் மீன் குவிந்தது, வெயில் கரைகளில் திராட்சை பழுத்தது. உலர்ந்த மீனுடன் தெற்கே போன கப்பல்கள் ஒயினுடன் திரும்பின. வெறுங்கப்பலை ஓட்டிவர எந்த வியாபாரிக்கு மனசு வரும்? உப்பு மீன் தின்றவனுக்குத் தாகம் எடுக்கும் என்பதையும் அவர்கள் கவனிக்காமல் இருந்திருக்க மாட்டார்கள்.

அதற்கும் முந்திய காலத்தில், புளிக்க வைத்த மீன் சாறும் ஒயினும் ஏறக்குறைய ஒரே மாதிரி மண்ஜாடிகளில் பயணம் செய்தன. கடலடியில் அப்படி ஒரு ஜாடி கிடைத்தால், உள்ளே இருந்தது எது என்று சொல்ல ஆய்வாளர்கள் அடிக்கசடைச் சுரண்டிப் பார்க்க வேண்டியிருக்கிறது. வெளியிலிருந்து பார்த்தால் தெரியாது. இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். (கதாசிரியன் இப்படிச் சொன்னால் பின்னால் ஏதோ ஒளித்து வைத்திருக்கிறான் என்று அர்த்தம்.)

3

இனி நடந்தது.

கிடங்கின் இடப்பக்கம் அத்தானின் மீன் பெட்டிகள், பனிக்கட்டி, எப்போதும் ஈரமான தரை. வலப்பக்கம் அக்காவின் புட்டிகள். அவற்றுக்குப் பின்னால் ஒரு பீப்பாய். நடுவே தார்ப்பாய்த் திரை. அதுவரை அடுத்தவர் பெயர் ஒட்டிய புட்டிகளையே விற்றுவந்த அக்கா, தன் நாக்கை மட்டும் நம்பி, இளம் ஒயின்களைத் தேடி வாங்கிக் கலந்து அந்தப் பீப்பாயில் முதிரவிட்டிருந்தாள். அவள் பெயரோடு வெளிவர வேண்டிய முதல் ஒயின் அது.

கிடங்கைப் பார்த்துக்கொள்பவரை எல்லோரும் மூக்கர் என்பார்கள். மூக்கு பெரியது; வாசனைதான் தெரியாது. மீன் கிடங்கில் வேலை பார்க்க அதைவிடப் பெரிய தகுதி வேண்டுமா?

அத்தான் என்னிடம் வருவதற்குச் சில நாள் முன்பு பனிக்கட்டி இயந்திரம் நின்றுபோய், இருப்பில் இருந்த மீன் நாற ஆரம்பித்ததை அவர் மீன் ஏலத்துக்குப் புறப்படும்போதே கவனித்திருக்கிறார். ஏலக்கூடத்து இரைச்சலுக்கு நடுவிலிருந்து மூக்கருக்குப் போன் செய்தார்.

"சரக்கு கெட்டுப்போச்சு. எல்லாத்தையும் கொட்டிடு."

மூக்கர் சுற்றிப் பார்த்தார். மீன் அவர் கண்ணுக்கு நல்ல மீனாகவே இருந்தது. சரக்கு என்றால் என்ன என்று தெருவில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். போதாக்குறைக்கு, முந்தின நாள் அக்கா பீப்பாயிலிருந்து ஒரு சொட்டு நாக்கில் விட்டு, இன்னும் புளிப்பு அடங்கவில்லை என்று முனகியதை அவர் கேட்டிருந்தார். அடைப்பைப் பிடுங்கினார். மீன் கழுவிய தண்ணீர் போகும் சாக்கடையில் அத்தனையும் சிவப்பாக ஓடியது. தெருப்பூனை ஒன்று முகர்ந்து பார்த்துவிட்டு அத்தான் பெட்டிகள் பக்கம் போய்விட்டது.

4

ரயிலில் ஏறுவது சரக்கு. மளிகைக் கடையில் இருப்பது சரக்கு. சாயங்காலமானால் சிலர் தேடிப் போவதும் சரக்கு. எழுத்தாளனின் மண்டைக்குள் இருக்க வேண்டியதும் அதுதான். (அந்த வகையில் எனக்குத் தட்டுப்பாடு என்பது அக்காவின் கருத்து.)

ஒயினை யாராவது சரக்கு என்றால் அக்காவுக்குப் பற்றிக்கொண்டு வரும். கல்யாணமான புதிதிலேயே அந்தச் சொல்லை அவள் தடை செய்தாள். அத்தான் மீறவில்லை, அவர் வாயில் சரக்கு என்றால் மீன் மட்டும்தான். ஆகவே அவர் நிரபராதி.

அக்கா அப்படிச் சொல்லவில்லை. மூக்கர் காதில் அது எப்படி விழும் என்று இவருக்குத் தெரியாதா? பீப்பாய் இருக்கும் இடத்தில் இன்னும் நாலு பெட்டி அடுக்கலாமே என்று வாய் ஓயாமல் சொன்னவர்தானே?

இங்கேதான் என் பேனா நின்றது. அத்தானை எழுதுவது நான். அவர் மனதுக்குள் நுழைய எனக்கே வழி தெரியவில்லை. "அத்தான் அந்த நிமிடம் உண்மையில் நினைத்தது—" என்று எழுதி அடித்தேன். "அத்தான் நல்லவர்தான், ஆனாலும்—" அதையும் அடித்தேன். சுவர் எழும்பினால் எந்தப் பக்கம் போய்ச் சாப்பிடுவது என்ற என் கவலை ஒருபுறம் கிடக்கட்டும். எனக்கு இருவரும் வேண்டும். ஒரே வீட்டில் இருந்துகொண்டு அவர்கள் மூக்கர் மூலமாகப் பேசிக்கொள்கிறார்கள்.

5

கைவசம் உள்ள முடிவுகள்:

அ. அத்தான் மன்னிப்புக் கேட்கிறார். அக்கா அழுகிறாள். கொத்தனார் கண்ணைத் துடைத்துக்கொள்கிறார். [கொத்தனார் ஏன்?]

ஆ. சாக்கடை கடலில் கலக்கிறது. ஒயின் குடித்த மீன்கள் மறுநாள் தாமாகவே வந்து வலையில் விழுகின்றன. விற்பனை பிய்த்துக்கொண்டு போகிறது. அத்தானுக்கு இது பிடிக்கும்.

இ. சுவர் எழும்புகிறது. மீனும் ஒயினும் சேர்ந்து வாழ்ந்த வரலாறு சட்டம் போட்டு அதன்மேல் மாட்டப்படுகிறது.

மூன்றாவதை எழுதிவிட்டு எழுந்துபோய்த் தண்ணீர் குடித்தேன். புட்டியைத் தொடவில்லை.

6

திங்கட்கிழமை காலை, இதுவரை எழுதியதைக் கிடங்குக்கு எடுத்துப் போனேன். கொத்தனார் தார்ப்பாயை அவிழ்த்துப் போட்டுவிட்டுத் தரையில் நூல் பிடித்துக்கொண்டிருந்தார். அக்கா ஒரு காலிப் பெட்டிமேல் உட்கார்ந்து எல்லாவற்றையும் படித்தாள், அடிக்குறிப்பு உட்பட. சிரிப்பதற்காக நான் எழுதிய எந்த இடத்திலும் சிரிக்கவில்லை.

"இவ்வளவு எழுதியிருக்க. அந்தக் கெட்டுப்போன மீனு என்னாச்சுன்னு எழுதலியேடா?"

எனக்குத் தெரியாது. கதாசிரியனுக்கே தெரியாததை வாசகி கேட்டால் அவன் என்ன செய்வான்? அத்தானைப் பார்த்தேன். அவர் பனிக்கட்டி உடைப்பதை நிறுத்தினார். கெட்டதை அன்றைக்கே கொட்டியாகிவிட்டது என்றார். அத்தோடு நிறுத்தியிருக்கலாம். நான் எழுதிய அத்தானாக இருந்தால் நிறுத்தியிருப்பார்.

"மறுநாள் வந்ததையும் கொட்டிட்டேன். நல்ல மீனு. அத்தனையும் படகுல ஏத்திக் கடல்லயே கொண்டுபோயிக் கொட்டிட்டேன். உன்னோடது போன மாதிரி என்னோடதும் போகட்டும்னுதான். வேற என்ன செய்யிறதுன்னு எனக்குத் தெரியல."

மூக்கர் தலையைக் குனிந்துகொண்டார். படகைத் தள்ளிவிட்டது அவர்தான் போலிருக்கிறது.

அக்கா என் தாள்களை மடியில் வைத்தபடி அத்தானையே பார்த்துக்கொண்டிருந்தாள். கண் கலங்கியிருந்தது. கோபம் வந்தாலும் அவளுக்குக் கண் கலங்கும். பிறகு, தான் தடை செய்த சொல்லைத் தானே சொன்னாள்.

"நல்ல சரக்க இப்படிக் கொட்டலாமாங்க?"

வாசகரே, எந்தச் சரக்கு? மீனைச் சொன்னாள் என்றால் மனம் இறங்கிவிட்டது. பீப்பாயைச் சொன்னாள் என்றால் வழக்கு இன்னும் முடியவில்லை. ஒயினைச் சரக்கு என்று சொல்ல அவள் நாக்கு வளையாது என்று நான்காம் பகுதியில் நானே எழுதியிருக்கிறேன். ஆனால் அவள் மீனையும் அதுநாள்வரை அப்படிச் சொன்னதில்லை. ஜாடி என் எதிரிலேயே உட்கார்ந்திருக்கிறது. சுரண்டிப் பார்க்க எனக்குத் தைரியம் இல்லை.

அத்தானும் கேட்கவில்லை. கொத்தனார்தான் நூலின் ஒரு முனையைக் கையில் பிடித்துக்கொண்டு, சுவர் உண்டா இல்லையா என்று என்னைக் கேட்டார், ஏதோ நான்தான் இந்த வீட்டைக் கட்டியவன் என்பதுபோல. மறுமுனை தரையில், உங்கள் காலடியில் கிடக்கிறது. எடுத்துப் பிடிப்பதும் விட்டுவிடுவதும் உங்கள் பாடு. சீக்கிரம் சொல்லுங்கள், அவர் குழைத்த சிமெண்ட் இறுகிக்கொண்டிருக்கிறது.