இழுப்பின் ஜன்னல்

ஜெயிலுக்குள்ளேயே புதுக் கட்டடம் எழும்பிக்கொண்டிருந்தது. அதன் ஜன்னல்களுக்குக் கம்பிச்சட்டம் செய்தவர்களும் கைதிகள்தான். தங்களை அடைக்கப்போகும் கம்பியைத் தாங்களே பற்றவைக்கிறோமே என்று பட்டறையில் யாரும் அலட்டிக்கொள்ளவில்லை. வெயிலில் கல் உடைப்பதற்கு இது எவ்வளவோ தேவலை.

பட்டறையை ஆட்டிவைத்தவன் மேஸ்திரி. ஆயுள் தண்டனைக்காரன். அவனுக்குக் கையாளாக வந்து சேர்ந்தவன் ஒடிசல். பதினெட்டு முடிந்ததும் சிறுவர் இல்லத்திலிருந்து இங்கே மாற்றப்பட்டவன். வெல்டிங்கை அங்கேயே கற்றிருந்தான். தைரியத்தை மட்டும் எங்கேயும் கற்கவில்லை. இரும்புக் கதவை யாராவது அறைந்து சாத்தினால் இன்னமும் அவனுக்குத் தூக்கிவாரிப் போடும். முதல் வாரம் அவனை மிரட்ட வந்த இரண்டு பேரை மேஸ்திரி ஒரு முறைப்பிலேயே விரட்டிவிட்டான். அதனால்தான், அவன் திட்டத்தைச் சொன்னபோது ஒடிசலால் மறுக்க முடியவில்லை.

"ஒரே ஒரு சட்டம்டா. நாலு மூலையிலயும் பேருக்குத் தொட்டு வை. மேல பட்டி பூசி பெயிண்ட் அடிச்சுடு. அடையாளத்துக்கு அடிக்கம்பியில அரத்தால ஒரு கீறல் போடு. கீழ்த்தளத்துக் குளியலறைக்கு அதை நானே பார்த்து எடுத்துக் குடுக்கறேன். நம்மளை அந்தக் கட்டடத்துக்கு மாத்தினதும் ஒரு உதை, அவ்வளவுதான்."

"எனக்கு இன்னும் ஒரு வருஷந்தானே மேஸ்திரி…"

"நீ வரவேணாம். உங்கக்கா வந்து கையப் புடிச்சுக் கூட்டிட்டுப் போகட்டும். எனக்கு அப்படி வர்றதுக்கு யாரு இருக்கா?"

ஒடிசல் சொன்னபடியே செய்தான். ஆனால் அரத்தால் போட்ட கீறல் அவன் கண்ணுக்கு ஊர் முழுக்கத் தெரிகிற மாதிரி இருந்தது. யாராவது பார்த்துவிட்டால்? பயத்தில் அதன் மேலும் இரண்டு கை பெயிண்ட் அடித்துவிட்டான். சட்டங்கள் கிளம்பும் நாளில் மேஸ்திரி ஒவ்வொன்றாகத் தடவிப் பார்த்தான். எல்லாமே ஒரே அளவு, ஒரே சாம்பல் நிறம்.

"அடப்பாவி, அடையாளத்துக்கே பெயிண்ட் அடிச்சிருக்கியே!" என்று பல்லைக் கடித்தான். கொத்தனார்கள் கைக்கு வந்ததை எடுத்துப் பதித்துவிட்டுப் போனார்கள்.

கட்டடத்தில் முதலில் திறக்கப்பட்டது மூன்றாவது மாடியிலிருந்த வைத்திய அறை. ஒருநாள் முகமூடி போடாமல் வெல்டிங் வெளிச்சத்தைப் பார்த்துவிட்டதால் ஒடிசலுக்குக் கண் இரண்டும் மிளகாய் விழுந்ததுபோல் எரிந்தது. அங்கே படுக்கவைத்தார்கள்.

அங்கே நிரந்தரக் குடியாக ஒருவர் இருந்தார். மூச்சிரைப்பு நோய் அவருக்கு. எல்லோருக்கும் அவர் 'இழுப்பு'. படுத்தால் மூச்சு விட முடியாது. ஜன்னல் கம்பியை இரண்டு கையாலும் பற்றி, உடம்பின் பாரத்தையெல்லாம் அதில் சாய்த்துக்கொண்டு நின்றால்தான் கொஞ்சம் காற்று உள்ளே போகும்.

"என்ன மாப்ளே, கண்ணுல துணியக் கட்டிக்கிட்டு? கல்யாணத்துக்கு முன்னாடியே கண்ணக் கட்டிட்டாங்களா?" என்றார். சிரிக்கப்போய் இரைப்பு வந்துவிட்டது. கம்பியில் சாய்ந்தார்.

கிறீச் என்றது.

ஒடிசல் துணியை விலக்கினான். கலங்கிய கண்ணுக்குக்கூட அது தெரிந்தது. மேல் மூலையில், பட்டியின் மீது, முடி அளவுக்கு ஒரு விரிசல்.

"அதைப் புடிக்காதீங்க மாமா."

"ஏன்?"

"துருவா இருக்கும்."

"போன மாசம் வச்ச கம்பிக்குத் துருவா? பொண்டாட்டியக் கூட விட்டுடுவேன் மாப்ளே, இதை விடமாட்டேன்."

மறுநாள் பட்டறையில் அவன் மேஸ்திரியின் காதருகே போய், அந்தச் சட்டம் வைத்திய அறையில் இருப்பதைச் சொன்னான். மேஸ்திரி கையிலிருந்த வேலையை நிறுத்தவில்லை.

"போகட்டும், வேற ஒண்ணு செய்வோம்."

"அவரு அதுல சாஞ்சுதான் நிக்கறாரு. விழுந்தா மூணு மாடி."

மேஸ்திரி இப்போதுதான் வேலையை நிறுத்தினான். பிறகு, "அவரு எப்படியும் போற ஆளுடா. நாம சொன்னா, எல்லா ஜன்னலையும் தட்டிப் பார்ப்பானுங்க. இந்தப் பட்டறையவே மூடிடுவானுங்க. எனக்கு இதை விட்டா வேற வழியே கெடையாது" என்றான்.

அவன் குரலில் மிரட்டல் இல்லை. மிரட்டியிருந்தால் ஒடிசல் பயந்து அடங்கியிருப்பான். கெஞ்சியதுதான் அவனை என்னவோ செய்தது. இழுப்பு விழுந்துவிட்டால் தானும் காலமெல்லாம் இப்படித்தான் யாரிடமாவது கெஞ்சிக்கொண்டிருப்போம் என்று தோன்றியது. அக்காவின் முகம் வந்தது. ஒரு வருஷம், பல்லைக் கடித்துக்கொண்டு ஒரே ஒரு வருஷம் இருந்துவிட்டால் போதும். அதிகாரியிடம் போய்ச் சொன்னால், யார் சொல்லிச் செய்தாய் என்று உரித்துவிடுவார்கள். அடி தாங்காமல் தான் மேஸ்திரியைக் காட்டிக்கொடுத்துவிடுவோம் என்பதில் அவனுக்குச் சந்தேகமே இல்லை. தன்னைப் பற்றி அவனுக்குத் தெரியாதா?

கண்ணுக்குச் சொட்டு மருந்து விட மறுபடி மாடிக்குப் போனான். இழுப்பு கழிவறைக்குப் போகும்வரை காத்திருந்தான். சட்டம் வெளியே போய் விழுந்தால் கீழே முற்றத்தில் வரிசையில் நிற்பவர்கள் தலை போய்விடும். ஆகவே அதை உள்பக்கமாகவே பிடுங்கிவிட, போர்வையை முறுக்கிக் கம்பியில் கட்டினான். சுவரில் காலை முட்டுக்கொடுத்து, கண்ணை மூடிக்கொண்டு, இருந்த பலத்தையெல்லாம் கூட்டி இழுத்தான்.

மூன்றாவது இழுப்பில் சட்டம் பிய்த்துக்கொண்டு அவன்மேல் சாய்ந்தது. முழங்கால் சில்லு நொறுங்கிய மாதிரி வலி. ஜன்னல் இருந்த இடத்தில் வெறும் வானம்.

ஓடிவந்த வார்டர் முதலில் ஓட்டையைப் பார்த்தார். பிறகு கம்பியில் தொங்கிய போர்வையைப் பார்த்தார். அதற்குமேல் அவருக்கு யாரும் எதையும் விளக்கவேண்டியிருக்கவில்லை.

"மூணு மாடிக்கு ஒரே போர்வையா? மிச்சத்துக்கு றெக்க முளைக்கும்னு நெனச்சியா?" பளார் என்று ஒன்று விட்டார். "யாரெல்லாம்டா கூட்டு?"

"யாருமில்ல சார். நான் மட்டுந்தான்." சொல்லும்போது உடம்பு வெடவெடவென்று நடுங்கியது. ஆனால் தப்பப் பார்த்தவன் நடுங்குவது இயல்புதானே. வார்டர் நம்பிவிட்டார். ஒரு வருஷம் இப்போது எத்தனை வருஷமாகும் என்று யோசிக்கவே அவனுக்குப் பயமாக இருந்தது.

கழிவறையிலிருந்து திரும்பிய இழுப்பு வாசலிலேயே நின்றுவிட்டார்.

"இதுக்கு இனிமே தகரம் அடிச்சு மூடிட வேண்டியதுதான்" என்றார் வார்டர்.

"தகரமா? அப்ப எனக்குக் காத்து?" இழுப்பு ஒடிசலைப் பார்த்தார். "துரு, துருன்னியே… இதுக்குத்தானாடா? நீ ஓடறதுக்கு என் ஜன்னல்தானா கெடச்சுது? பாவி, நாசமாப் போறவனே…"

ஒடிசல் வாயைத் திறந்தான். வார்டர் பக்கத்திலேயே நின்றார். மூடிக்கொண்டான்.

நொண்டிக்கொண்டே படியிறங்கும்போது மேலிருந்து திட்டு தொடர்ந்து வந்தது. நடுநடுவே இரைப்பு வந்து அறுத்தது. சமாளித்துக்கொண்டு, விட்ட இடத்திலிருந்து மறுபடி திட்டினார். ஒவ்வொரு தடவை அறுபடும்போதும் ஒடிசல் படியில் நின்றுவிட்டான். அடுத்த வசவு காதில் விழுந்த பிறகே அடுத்த படியில் கால் வைத்தான்.

"நடடா" என்று வார்டர் பிடரியில் தள்ளினார்.