கேசட்டில் வராத குரல்

போர் தொடங்கியதிலிருந்து தையல்காரம்மாவுக்குக் கைக்கு ஒரு வேலை, வாய்க்கு ஒரு வேலை. மிஷினுக்குப் பக்கத்தில் டேப் ரெக்கார்டரை வைத்துக்கொண்டு, தைத்தபடியே வீட்டு நடப்பையெல்லாம் எல்லையில் இருக்கும் மகனுக்காகப் பேசிப் பதிவு செய்வாள். ரொட்டிக்கடை வரிசையில் யார் யாரோடு மல்லுக்கு நின்றார்கள், சைரன் ஊதியதும் மாடிவீட்டுக்காரர் ஒற்றைச் செருப்போடு நிலவறைக்கு ஓடிய அழகு, ஒன்றையும் விடமாட்டாள். அவனும் கேட்டுவிட்டு, அதே கேசட்டை அழித்துத் தன் கதையைப் பேசி அனுப்புவான்.

குறை ஒன்றுதான். பஸ் ஓட்டும் அவள் கணவர் அந்தக் கேசட்டில் வாயே திறந்ததில்லை. மகன் தன்னிடம் சொல்லாமல் கொள்ளாமல் படையில் சேர்ந்துவிட்டான் என்று கோபம். மனிதர் வழியனுப்பக்கூட வரவில்லை. பிள்ளைக்கு ஒன்று கிடக்க ஒன்று ஆகிவிட்டால் இந்த வீம்பை எங்கே கொண்டுபோய்க் கொட்டுவது என்பதுதான் அவள் கவலை.

"ஒரு வார்த்தை பேசுங்களேன். நல்லா இருக்கியான்னு கேட்டா கொறஞ்சா போயிடுவீங்க?"

"அவன் என்னைக் கேட்டுட்டா போனான்? நான் மட்டும் எதுக்குக் கேக்கணும்?"

விடிகாலை ஷிப்ட் முடித்து வந்த அலுப்பில் அவர் திரும்பிப் படுத்துக்கொண்டார். அவள் டேப்பைத் தட்டிவிட்டு, தைத்தபடியே பேச ஆரம்பித்தாள். அந்த நேரம் பார்த்து, கோட்டுக்கு அளவு கொடுக்க யாரோ வாசலில் கூப்பிட்டார்கள். மிதியிலிருந்து காலை எடுத்துவிட்டு எழுந்துபோனாள். காலை எடுத்தால் எல்லாம் நின்றுவிடும் என்பது தையல்காரி புத்தி. டேப் அது பாட்டுக்கு ஓடியது. திரும்பி வந்தபோது கேசட் தீர்ந்திருந்தது. போட்டுக் கேட்க ஏது நேரம்? தபால் வண்டி கிளம்பிவிடும் என்று அப்படியே அனுப்பிவிட்டாள்.

பதில் வந்தது, புதுக் கேசட்டில். அவள் அதைப் போட்டபோது கணவர் ஜன்னல் பக்கம் திரும்பி உட்கார்ந்து ஷூவுக்குப் பாலிஷ் போட்டுக்கொண்டிருந்தார்.

"அம்மா, பாதி கேசட் அப்பா குறட்டை!" சிரிப்பில் மகனுக்குப் பேச்சே வரவில்லை. "ஏதோ லாரி வருதுன்னு எல்லாரும் எட்டிப் பாத்தாங்க. எனக்கு அந்தச் சத்தத்துல தூங்கித்தானே பழக்கம். இங்க வந்ததுலேர்ந்து அன்னிக்குத்தாம்மா நல்லாத் தூங்கினேன். அந்தக் கேசட்டை மட்டும் அழிக்க மாட்டேன்."

பிரஷ் நின்றுவிட்டது. அவர் எழுந்து வந்து மிஷினருகே நின்றார்.

"எந்தப் பட்டனை அழுத்தணும்?"

புதுக் கேசட்டை எடுத்து வைத்துவிட்டு, இன்னொன்றைப் போட்டு அழுத்திக் காட்டினாள். அவர் தொண்டையைச் செருமினார்.

"டேய், எனக்குக் குறட்டையெல்லாம் வராது," என்றார் அதட்டலாக. கண் கலங்கிவிட்டது. கொஞ்ச நேரம் டேப் சும்மாவே ஓடியது.

"சாப்பிட்டியாடா?"