இடது கால் தாளம்

மாடியில் தொப்பென்று சத்தம் கேட்டது. உருளைக்கிழங்கு சீவிக்கொண்டிருந்த பெரில் கத்தியை நிறுத்தி மேலே பார்த்தாள். சிறிது நேரம் ஒன்றுமில்லை. பிறகு டக், டக், டக் என்று கால் தட்டும் ஓசை வந்தது. அவளுக்கு மூச்சு வந்தது.

"நார்மன்! எழுபத்தெட்டு வயசுல இதெல்லாம் தேவையா உனக்கு?"

"சனிக்கிழமை ஜனங்க இதப் பாக்கத்தானே வராங்க!"

பெரிலுக்கு அவன் புருஷன் நார்மன்; ஊருக்கு ரிக்கி ஸ்டார்லிங். இருபது வயதில் ஒரு பாட்டு ஓஹோவென்று ஓட, சுருட்டிவிட்ட முன்முடியோடு சினிமாவுக்கு இழுத்துக்கொண்டார்கள். கடற்கரை, மாடி பஸ், விடுமுறை முகாம் என்று எல்லாம் பாட்டும் கூத்துமான படங்கள். நடிப்பு சுட்டுப்போட்டாலும் வரவில்லை. விழ மட்டும் நன்றாக வந்தது. கதாநாயகி முத்தமிட்டதும் வெட்டிய மரம்போல் மல்லாந்து விழுவான். வாத்தியங்கள் நிற்கும். செத்தே போனானோ என்று கொட்டகை பதறும்போது இடது கால் மட்டும் தாளம் போடும்; பாட்டு மறுபடி கிளம்பும். அப்புறம் கிடார் குழுக்கள் வந்தன. இவனைச் சீந்த ஆளில்லை. கிறிஸ்துமஸ் நாடகத்தில் இரண்டு பேர் சேர்ந்து போடும் மாட்டு வேஷத்தில் பின்னங்கால் வரைக்கும் கட்டிப் பார்த்துவிட்டான்.

இப்போது மார்கேட் என்ற கடற்கரை ஊர் மண்டபத்தில் சனிக்கிழமை அந்தப் பழைய படங்களில் ஒன்றைப் போடுகிறார்களாம். மேடையில் ஒருமுறை விழுந்து காட்ட வேண்டுமாம். டாக்டரோ மாடிப்படியே கூடாது என்றிருந்தார். அந்த வாரம் முழுக்கப் பெரில் மாடிச் சத்தத்துக்கே காது கொடுத்திருந்தாள்.

மறுபடி தொப். மறுபடி டக், டக், டக். கூரைச் சுண்ணாம்பு பொடியாக உதிர்ந்து, பக்கத்தில் பிசைந்துவைத்திருந்த மாவில் விழுந்தது.

"விழுந்து தொலை! காலை மட்டும் தட்டாத! சுண்ணாம்பெல்லாம் சாப்பாட்டுல கொட்டுது!"

"உத்தரவு மகாராணி!"

அடுத்த சத்தம் கொஞ்சம் பலமாகவே கேட்டது. பெரில் காத்திருந்தாள். தட்டல் வரவில்லை. பரவாயில்லையே, சொன்ன பேச்சைக் கேட்டுவிட்டானே என்று சிரித்துக்கொண்டாள். மாவை மாற்றிப் பிசைந்தாள். அடுப்பைப் பற்றவைத்தாள். தேநீர் ஊற்றினாள்.

"நார்மன், டீ ஆறுது!"

அவன் கோப்பையை ஒரு தட்டால் மூடிவைத்தாள்.

"என்ன, கோவமா? சரி சரி, தட்டிக்கோ. நான் ஒண்ணும் சொல்லல."

மாடி அமைதியாக இருந்தது. அவள் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு படியேறினாள்.

அடக்கம் முடிந்து எல்லோரும் வீட்டுக்கு வந்தார்கள். சாண்ட்விச் தட்டு கைமாறியது. நாத்தனார் ஈனிட் பெரிலின் தோளை அணைத்துக்கொண்டாள்.

"விழுந்த அந்த நிமிஷமே போயிருப்பான்னு டாக்டர் சொன்னாரு. வலி தெரிஞ்சிருக்காது."

"தட்டணும்னு நெனச்சிருப்பானா?"

"என்னத்தத் தட்டணும்?"

பெரில் சாண்ட்விச் தட்டை நகர்த்திவைத்தாள். தட்டாதே என்று தான் கத்தியதை யாரிடமும் அவளால் சொல்ல முடியவில்லை. ஈனிட் அண்ணனின் உடுப்புகளை எடுத்துவைக்க மாடிக்குப் போனாள்.

கீழே ஒருவர் பழைய படத்தில் அவன் விழுந்த அழகைச் சொல்ல, கூடம் சிரித்துக்கொண்டிருந்தது. அப்போது மாடியில் ஈனிட்டின் கை தவறிப் பெட்டி தொப்பென்று விழுந்தது.

"உஷ்!"

பெரில் கையை உயர்த்தியிருந்தாள். சிரிப்பு அடங்கியது. கையிலிருந்த கோப்பைகளைக்கூட யாரும் அசைக்கவில்லை. அவள் கையை இறக்காமல் கூரையையே பார்த்துக்கொண்டு நின்றாள்.