முட்டி வண்டியும் மூன்றெழுத்துச் சீட்டும்

1

இந்தக் கதை ஒரு சட்டைப் பையிலிருந்து வந்தது. முதலிலேயே ஒப்புக்கொண்டுவிடுகிறேன். நடுவில் சொல்லலாம் என்று தள்ளிப்போட்டால் சொல்லாமலே விட்டுவிடுவேன். என்னைப் பற்றி எனக்குத் தெரியும். பையில் ஓர் அட்டைச் சீட்டு. சீட்டில் ஒரே ஒரு வார்த்தை.

தொடக்கத்தை மூன்று தடவை எழுதினேன்.

"ஆஸ்பத்திரியின் கீழ்த்தளத்தில், சாமான் அறையில் ஒருவன் வேலை பார்த்தான். நல்லவன்." நல்லவன் என்பதை அடித்தேன். பிறகு முழு வரியும் ஆட்டம் கண்டுவிட்டது.

"பிரேக் பிடிக்காத வண்டியில் ஒரு சமையல்காரம்மா சரிவில் இறங்கி—" வேண்டாம். விழப்போகிற மனுஷியை முதல் வரியில் நிறுத்தி வைத்து ஆள் சேர்ப்பது அசிங்கம்.

"போன ஞாயிற்றுக்கிழமை காலையில் அக்காவிடமிருந்து அவனுக்குப் போன் வந்தது." இது ஆடாமல் நிற்கிறது. இதையே வைத்துக்கொள்கிறேன்.

(அவன் என்றுதான் எழுதுவேன். ஏன் என்று இப்போது கேட்காதீர்கள்.)

2

"டேய், எங்க பக்கத்து ஆஸ்பத்திரியில கால் ஆபரேஷன் முடிஞ்சு முட்டி வண்டி குடுத்து அனுப்பியிருக்காங்க. பிரேக் சரியா புடிக்கல. வந்து பாரு" என்றாள் அக்கா.

"மாமா இருக்காரே அக்கா?"

"இருக்காரு. வண்டியைச் சுத்திச் சுத்தி வர்றாரு. தொட மாட்டேங்கிறாரு."

அக்கா புருஷன் மெக்கானிக்காக இருந்தவர். சக்கரம் வைத்த எதையும் கண்ணை மூடிக்கொண்டு பிரித்து மாட்டுவார். அந்த மனுஷர் தன் பெண்டாட்டியின் வண்டியைத் தொடாமல், சாமான் அறையில் வண்டி துடைக்கிற மச்சினனைக் கூப்பிடச் சொல்கிறார். ஏன் என்று அக்காவுக்குப் பாதி தெரியும். அவனுக்கு முழுசும் தெரியும்.

* முட்டி வண்டி: பாதம் உடைந்தவர்கள் அந்தக் காலின் முட்டியை மடக்கி ஒரு மெத்தைமேல் ஊன்றிக்கொண்டு, நல்ல காலால் தரையை உந்தி ஓட்டுவது. நாலு சின்னச் சக்கரம், ஒரு கைப்பிடி, அதில் சைக்கிளுக்கு இருப்பதுபோல் பிரேக். ஆஸ்பத்திரிப் பதிவேட்டில் வேறு பெயர் இருக்கும். எங்கள் வாயில் இதுதான் பெயர்.

3

அக்கா வீட்டு வாசலிலிருந்து தெருவுக்கு ஒரு சரிவு. சிமென்ட் பூசியது, ஆறேழு அடி நீளம். வண்டியில் இறங்கினால் நேரே தெரு, தெருவில் லாரி. அதனால் பிரேக் விஷயம் விளையாட்டு இல்லை.

மாமா கருவிப் பெட்டியைக் கொண்டுவந்து அவன் முன்னால் வைத்துவிட்டு இரண்டடி தள்ளி நின்றார்.

"அலன் கீ மேல்தட்டுல இருக்கு மாப்ளே. குறடு அடியில."

"நீங்களே பாருங்க மாமா. உங்க முன்னாடி நான் என்னத்தை..."

"வேணாம். என் கையை நானே நம்பறதில்ல. ஒரு பொம்பளையைத் தள்ளிவிட்டது போதும். இவளாவது முழுசா இருக்கட்டும்."

அக்கா கட்டுப் போட்ட காலை நாற்காலிமேல் நீட்டியபடி சொன்னாள்: "அடுப்பை அணைச்சிட்டு மூணு தடவை போய்ப் பாக்கறாரு. வீட்டைப் பூட்டிட்டுப் பஸ் ஸ்டாப்பு வரைக்கும் போய்த் திரும்பி வர்றாரு. நேத்து என்னையே ரெண்டு தடவை உத்துப் பாத்தாரு. ஒரே பொண்டாட்டிதான், கணக்கு சரியா இருக்கு, போய்ப் படுங்கன்னேன்."

மாமா சிரித்தார். சிரித்துக்கொண்டே வாசல் தாழ்ப்பாளை ஒருமுறை தொட்டுப் பார்த்துக்கொண்டார்.

(இந்தத் தாழ்ப்பாளை நான் கதைக்காகச் சேர்க்கவில்லை.)

4

நாலு வருஷம் பின்னால் போக வேண்டியிருக்கிறது. எனக்கு அங்கே போகப் பிடிக்கவில்லை. வாருங்கள், சீக்கிரம் போய்த் திரும்பிவிடலாம்.

அப்போது மாமா, அவன் வேலை பார்க்கிற அதே ஆஸ்பத்திரியில் மெக்கானிக். கட்டில், சக்கர நாற்காலி, முட்டி வண்டி எல்லாம் அவர் பார்வைக்கு வந்த பிறகுதான் சாமான் அறைக்கு வரும். "என் தம்பிக்கு எழுதப் படிக்கத் தெரியும்" என்று அக்கா சொன்னாள்; மாமா நம்பி வேலை வாங்கிக் கொடுத்தார். அக்கா சொன்னது பொய். அவனுக்கு எண்கள் தெரியும். தன் பெயரை வரையத் தெரியும். எழுதத் தெரியும் என்று சொல்ல முடியாது. கோலம் போடுவதுபோல வரைவான்.

மாமா ஒவ்வொரு வண்டியையும் பார்த்து முடித்ததும் கைப்பிடியில் ஓர் அட்டைச் சீட்டைக் கயிற்றால் கட்டுவார். வண்டி நன்றாக இருந்தால் "சரி" என்று எழுதுவார், அவ்வளவுதான். கெட்டிருந்தால் எது போயிற்று, என்ன பாகம் வேண்டும் என்று மூன்று நாலு வரி எழுதுவார். அவன் ஒரே வாரத்தில் கண்டுபிடித்துவிட்டான்: எழுத்து குட்டையாக இருந்தால் கொடு, நீளமாக இருந்தால் கொடுக்காதே. ஒன்றரை வருஷம் இப்படியே ஓடியது. ஒருமுறைகூடத் தப்பவில்லை. (அவனுக்கு இதில் கொஞ்சம் பெருமைகூட இருந்தது. எழுதக் கூச்சமாக இருக்கிறது. ஆனால் இருந்தது.)

அன்றைக்கு மாமா ஒரு முட்டி வண்டியைப் பார்த்துக்கொண்டிருக்கும்போதே மேல்மாடியில் நோயாளியோடு ஒரு கட்டில் மடங்கிக்கொண்டது என்று ஆள் ஓடிவந்தான். மாமா அவசரமாக ஒரே வார்த்தையை எழுதிக் கட்டிவிட்டு ஓடினார். மூன்றே எழுத்து.

சிறிது நேரத்தில் ஒரு சமையல்காரம்மா வந்தார். பள்ளிக்கூட விடுதியில் நூறு பேருக்குச் சமைக்கிறவர். வழுக்கி விழுந்து பாதம் உடைந்திருந்தது. அவன் சீட்டைப் பார்த்தான். குட்டை. விதிப்படி அவிழ்த்துச் சட்டைப் பையில் போட்டான். மெத்தையைத் துடைத்தான்.

"பிரேக்கெல்லாம் புடிக்கும்ல தம்பி?"

"எல்லாம் சரியா இருக்கும்மா. தைரியமா போங்க."

ஆஸ்பத்திரி வாசல் சரிவில் அவர் பிரேக்கைப் பிடித்தார். பிடி கைப்பிடியோடு போய் ஒட்டிக்கொண்டது. சக்கரம் நிற்கவில்லை. எதிரே சுவர். வலது மணிக்கட்டு இரண்டு இடத்தில்—

போதும்.

5

விசாரணை என்று பெரிதாக ஒன்றுமில்லை. கண்காணிப்பாளர் அறையில் ஒரு மேசை, மூன்று பேர்.

"சீட்டு மாட்டினீங்களா?"

"மாட்டினேன் சார்" என்றார் மாமா. "மாட்டின ஞாபகம்தான்."

கண்காணிப்பாளர் அவன் பக்கம் திரும்பினார். "வண்டியில சீட்டு இருந்துச்சாப்பா?"

சீட்டு அவன் நெஞ்சோடு ஒட்டிக்கொண்டிருந்தது. எடுத்து நீட்டினால் அடுத்த கேள்வி இதுதான்: இதுல என்ன எழுதியிருக்கு, படி. அந்த ஒரு கேள்விக்குப் பயந்து அவன் சொன்னான்: "எதுவும் இல்லீங்க சார்."

மாமா அவனைப் பார்த்தார். முகத்தில் கோபம் இல்லை, யோசனை. பிறகு கண்காணிப்பாளரிடம் சொன்னார்: "மாப்ளே பொய் சொல்ற ஆள் இல்ல சார். அப்ப நான்தான் மறந்திருக்கேன்."

மாமாவின் வேலை போனது. இப்போது ஒரு கிடங்கில் மூட்டை இறக்குகிறார். கருவிப் பெட்டி கட்டிலுக்கு அடியில் போனது.

(இந்த இடத்தில் ஒரு பக்கம் எழுதியிருந்தேன். அவன் ஏன் பள்ளிக்கூடம் போகவில்லை, எத்தனை வயதில் கல் சுமக்கப் போனான் என்றெல்லாம். எல்லாம் நடந்ததுதான். ஆனால் படித்துப் பார்த்தால் அந்தப் பக்கம் உங்கள் முன்னால் கையேந்தி நின்றது. கிழித்துவிட்டேன்.)

சமையல்காரம்மாவை வார்டில் போய்ப் பார்த்தான். "நீங்க என்ன தம்பி பண்ணுவீங்க, இருந்ததை எடுத்துக் குடுத்தீங்க. என் அவசரம், நான் விழுந்தேன்" என்று அவனுக்கு ஆறுதல் சொன்னார். மூன்று நாள் அவருக்குத் தேநீர் வாங்கிக் கொடுத்தான். தங்கமான மனுஷன் என்று நர்சுகள் பேசிக்கொண்டார்கள். அவன் மறுக்கவில்லை. அந்த மணிக்கட்டு பெரிய பாத்திரம் தூக்கும் நிலைக்குத் திரும்பவே இல்லை என்று பிறகு கேள்விப்பட்டான்.

அதற்குப் பிறகுதான் தொழிலாளர் சங்கக் கட்டடத்தில் ஞாயிற்றுக்கிழமை நடக்கும் எழுத்து வகுப்பில் போய் உட்கார்ந்தான். எட்டு மாதம். பாடப் புத்தகத்துக்கு வெளியே அவன் முதலில் படித்தது அந்தச் சீட்டைத்தான். த. ரா. தே. மூன்றையும் சேர்த்துப் படித்ததும் என் கை சீட்டைக் கவிழ்த்துப் போட்டு—

அவன் கை என்று இருக்க வேண்டும். அடிக்கப் பேனாவை எடுத்தேன். அடிக்கவில்லை. நீங்கள் எப்போதோ கண்டுபிடித்திருப்பீர்கள்.

6

மறுபடி போன ஞாயிற்றுக்கிழமை. அவனிடமே திரும்பிப் போகிறேன். அவன் என்று சொன்னால்தான் எனக்குப் பேனா ஓடுகிறது.

பிடியை அழுத்தினான். கைப்பிடியைத் தொட்டுவிட்டது. இரண்டு விரல் இடைவெளி மிச்சம் இருக்க வேண்டும். பிடிக்கு அடியில், வயர் உள்ளே நுழைகிற இடத்தில், ஒரு சின்னத் திருகு இருக்கும். அதை வெளிப்பக்கம் திருகினால் வயர் இறுகும். திருகினான். மரை முடிகிறவரை வந்தும் இறுக்கம் போதவில்லை.

"திருகுல வராது மாப்ளே" என்றார் இரண்டடி தள்ளி நின்றவர். "சக்கரத்துக்கிட்ட வயர் முனையைப் பாரு."

குனிந்து பார்த்தான். வயரில் பாதி இழை அறுந்து பிசிறாக நின்றது.

"புதுசு ஒண்ணு பெட்டி மூலையில சுருட்டி வச்சிருக்கேன்."

நாலு வருஷமாகத் தொடாத பெட்டியில் எது எந்த மூலையில் என்று அவருக்குத் தெரிந்திருந்தது. அவன் பழைய வயரை உருவிப் புதியதை நுழைத்தான். திருகைப் பாதிவரை உள்ளே விட்டான். குறட்டால் வயரை இழுத்துப் பிடித்துக்கொண்டு அலன் கீயால் முனையை இறுக்கினான். சக்கரத்தைத் தூக்கிச் சுழற்றினான்.

"உரசுது" என்றார் மாமா.

"எனக்குக் கேக்கலியே."

"எனக்குக் கேக்குது. திருகைக் கால் சுத்து தளர்த்து."

தளர்த்தினான். உரசல் நின்றது. பிடியை அழுத்தினான், இரண்டு விரல் இடைவெளியில் நின்றது. திருகு நகராமல் அதன்மேல் இருக்கும் நட்டை இறுக்கினான். அவனே சரிவில் ஏறி நின்று, வண்டியில் முட்டியை ஊன்றி, ஒரு தடவை, இன்னொரு தடவை இறங்கிப் பிடித்துப் பார்த்தான். தெருவுக்கு முன்னால் வண்டி ஆணி அடித்ததுபோல் நின்றது.

"சீட்டு எழுதி மாட்டிடு மாப்ளே" என்றார் மாமா. "மாட்டறதை நான் என் கண்ணால பாக்கணும்."

"எழுதட்டும், எழுதட்டும்" என்றாள் அக்கா. "இப்பத்தான் தெரியுமே அவனுக்கு."

இப்பத்தான்.

மாமா கருவிகளைப் பெட்டியில் அடுக்கிக்கொண்டிருந்தார். அவர் கை ஒரு நொடி நின்றது என்று எழுதினால் கதைக்கு நல்லது. நின்றதா என்று எனக்குத் தெரியாது. நான் தலையைக் குனிந்துகொண்டு "சரி" என்று எழுதிக்கொண்டிருந்தேன். இரண்டே எழுத்து. அதற்கு அவ்வளவு நேரம் ஆகியிருக்கக் கூடாது.

7

முடிவுகள்.

முதலாவது: அவன் சட்டைப் பையிலிருந்து பழைய சீட்டை எடுத்து மாமாவிடம் நீட்டுகிறான். மாமா படிக்கிறார். அவன் தோளில் கை வைக்கிறார். இதைக் கண்ணீரோடு எழுதி முடித்தேன், மறுநாள் படித்தபோது உடம்பு கூசியது. மாமாவின் கையை நானே எடுத்து என் தோளில் வைத்துக்கொண்டிருக்கிறேன்.

இரண்டாவது: அடிக்கிறார். இதுவும் அதே வேலைதான். அடி வாங்கினால் கணக்குத் தீர்ந்தது என்று ஆகிவிடும் அல்லவா.

மூன்றாவது: துணி துவைக்கும்போது அக்கா கையில் சீட்டு தானாகக் கிடைக்கிறது. கோழையின் முடிவு. அவன் சட்டையை அக்கா துவைத்து இருபது வருஷம் ஆகிறது.

நாலாவது: சீட்டை மாட்டிவிட்டு, தண்ணீர் வாங்கிக் குடித்துவிட்டு, "வர்றேன் மாமா" என்று சொல்லிவிட்டு வீட்டுக்கு வந்துவிட்டான். நடந்தது இது.

ஆனால் வேலை முடியவில்லை. புது வயர் ஒரு வாரத்தில் கொஞ்சம் இழுபடும். மறுபடி திருகை ஒரு சுற்று வைக்க வேண்டும். வருகிற ஞாயிற்றுக்கிழமை போக வேண்டும். இந்த நோட்டையும் எடுத்துக்கொண்டு போவதாக இருக்கிறேன். கடைசித் தாளில் ஓட்டை போட்டு அந்தச் சீட்டை அதே கயிற்றால் கட்டியிருக்கிறேன். எனக்குச் சொல்ல வாய் வராது. மாமாவுக்குப் படிக்கத் தெரியும்.

நீங்கள் இதை நோட்டில் படித்தால் கடைசித் தாளைத் திருப்பிப் பாருங்கள். சீட்டு கட்டியபடியே இருந்தால் அந்த ஞாயிற்றுக்கிழமையும் நான் தண்ணீர் குடித்துவிட்டு வந்துவிட்டேன். வெறும் கயிறு தொங்கினால் யாரோ அவிழ்த்திருக்கிறார். அச்சில் படிப்பவர்களுக்கு அந்தத் தாள் இருக்காது. சீட்டா, கயிறா என்று நீங்களே முடிவு செய்துகொள்ளுங்கள். என்னைப் பற்றி இதற்குள் தெரிந்திருக்குமே, அதை வைத்து.

ஒருவேளை மாமா, இதைப் படிப்பது நீங்களாக இருந்தால்: முதலில் சீட்டை வெளிச்சத்தில் பிடித்துப் பாருங்கள். அது உங்கள் கையெழுத்து. நீங்கள் மாட்டினீர்கள்.