ஆறாத பாண்

சாய்ந்தமருது பாண்கார முனாபின் மகள் றுஸ்தாவுக்கு இருபத்திரண்டு வயது இருபத்துநாலு வருஷமாக நடந்தது. ஊருக்கே தெரியும். தேங்காய் விலை ஏறினதைக் கதைக்கிற மாதிரித்தான் சனம் இதையும் கதைத்தது.

காரணம் ஒரு குழாய் ஸ்பீக்கர். கல்முனையில் பழைய இரும்புக் கடையில் வாங்கி, பாண் விற்கிற ஆட்டோவின் தலையில் கட்டி, முனாப் வயரை மாறிக் கொடுத்துவிட்டார். பாண் வருகுது என்று சனத்தைக் கூப்பிடுகிற பாட்டு கடைசியில் தொடங்கி முதலில் போய் முடிந்தது. சனம் விழுந்து விழுந்து சிரித்தது. ஆனால் விடிய மாப் பிசைந்து சுட்ட பாண் பின்னேரமும் கையைச் சுட்டது, மறுநாளும் சுட்டது. பாட்டுப் போகும்போது குழாயின் வாய் எதைப் பார்க்கிறதோ அதற்கு நேரம் ஓடுவதில்லை என்று மனிசன் கண்டுகொண்டார். அதோடு பாணை விற்றுப் பிழைத்திருக்கலாம். நாசமாய்ப் போன புத்தி, வேறு பக்கம் போனது.

எங்கள் பக்கத்தில் பெண்ணுக்கு வீடு கொடுக்க வேண்டும். மாப்பிள்ளை அந்த வீட்டுக்குக் குடிவருவார். முனாப் இருந்த வீட்டை மூத்தவளுக்குக் கொடுத்துவிட்டு, பின்வளவுத் தகரக் கொட்டிலில் மனைவி ஸுலைஹாவோடும் றுஸ்தாவோடும் கிடந்தார். பக்கத்து வளவுப் பர்ஹான் மருதமுனையில் தறி நெய்கிறவன். றுஸ்தா அவனை மச்சான் என்றுதான் கூப்பிடுவாள். ஒருநாள் பின்னேரம் அஸர் தொழுதுவிட்டு நேரே வந்தான்.

"எனக்கு வீடு வேணாம் மாமா. புள்ளயத் தாங்க, வாடகை வீட்டுல வெச்சிப் பாப்பன்."

கதவுக்குப் பின்னால் நின்ற றுஸ்தாவுக்கு நெஞ்சு நிறைந்துபோனது. முனாபுக்கோ கோபம் பொத்துக்கொண்டு வந்தது. "வீடில்லாமக் குமரக் குடுத்தா ஊர் என்ட மூஞ்சில காறித் துப்பும். வீடு முடியட்டும் தம்பி." வேணாம் என்று வந்தவனை வீட்டைக் காட்டித் துரத்துகிற வாப்பாவை எங்கள் ஊரில்தான் காணலாம்.

அன்றைக்கே குழாயைக் கழற்றி, கொட்டிலில் றுஸ்தாவைப் பார்க்கப் பூட்டினார். வீடு முடியுமட்டும் வயசு நிற்கட்டுமாம். ஒரு வருஷம்தானே, பர்ஹான் நிற்பான் என்று நம்பி அவளும் அதன் முன்னால் குந்தினாள். நகம் வளரவில்லை, முடி வளரவில்லை. மாதத்தில் தொழுகை விடுகிற நாளும் வரவில்லை, றமழானில் விட்டுப் பிறகு பிடிக்கிற கழா நோன்பும் இல்லை. ஊர்ப் பெண்டுகள் அதற்கும் பொறாமைப்பட்டார்கள். பள்ளியில் பாங்கு கேட்டால் பாட்டை நிறுத்துவது நம் பழக்கம். அந்த நேரம் மட்டும் முனாபின் கை தானாக சுவிச்சுக்குப் போகும். றுஸ்தா அழுவதும் சிரிப்பதும் அந்தப் பாங்குக்குள்தான்.

கடற்கரைப் பக்கம் அவளுக்கென்று எழும்பின சுவரைச் சுனாமி அத்திவாரத்தோடு கொண்டுபோனது. மேற்கே மறுபடி தொடங்கினார். ஓடு போட்டால் மாப்பிள்ளை வீட்டார் கொங்கிறீட் எங்கே என்றார்கள், கொங்கிறீட் போட்டால் மேல்மாடி எங்கே என்றார்கள். பர்ஹான் இரண்டு பெருநாள் பார்த்துவிட்டு அக்கரைப்பற்றில் கலியாணம் முடித்தான். ஸுலைஹா ஒருநாள் பகல் லுஹர்ப் பாங்குக்கு முன் மௌத்தானாள். பாங்கு சொல்லும்வரை உம்மாவுக்காக ஒரு சொட்டுக் கண்ணீர் றுஸ்தாவுக்கு வரவில்லை.

மேல்மாடியும் மாபிள் தரையுமாக வீடு போன வருஷம் முடிந்தது. பெண் கேட்டு முதலில் வந்தது பர்ஹான்தான். தாடி நரைத்திருந்தது. வயது ஒரு மணித்தியாலம்கூட ஏறிவிடக் கூடாதென்று முனாப் குழாயைக் கூடத்து மூலையில் மகளைப் பார்க்க வைத்திருந்தார். றுஸ்தா தேத்தண்ணி கொண்டுவந்தாள். பர்ஹான் அவளை நிமிர்ந்து பார்த்தான். கோப்பையைக் குடிக்காமலே கீழே வைத்தான்.

"வீடு முடிஞ்சிட்டாமே மாமா," என்றான் மெதுவாக. "என்ட மூத்த மகனுக்குக் கேட்டு வந்தன்."

"பாத்தியா புள்ள! வீடு முடியட்டும் எண்டு நான் அண்டைக்கே சொன்னன்தானே!" கிழவருக்கு வாயெல்லாம் பல்.

அப்போது பொழுதுபட்டு மஃரிபுக்குப் பாங்கு சொன்னது. முனாபின் கை சுவிச்சுக்குப் போனது. இருபத்துநாலு வருஷமும் ஒரேயடியாக றுஸ்தாவின் வாய்க்கு வந்தன.

"மச்சான் எண்டு கூப்பிட்ட வாயால ஒங்கள மாமா எண்டு கூப்பிடவா?" என்று கேட்டாள். அவள் வாப்பாவின் பக்கம் திரும்பினாள். "வேணுமெண்டா வீட்டக் குடுங்க வாப்பா. என்னக் குடுக்க ஏலா."

பாங்கு முடிய முனாபின் கை மறுபடி சுவிச்சுக்கு நீண்டது. றுஸ்தா வயரை வேரோடு பிடுங்கி எறிந்தாள்.

இப்போது அவளுக்கு இருபத்துமூன்று. கூட ஓதினவர்கள் பேரப்பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு வந்து "மகள்" என்று கூப்பிடுகிறார்கள், அவளும் "ஓம்" என்கிறாள். அவ்வளவு பெரிய வீட்டில் அவளும் வாப்பாவும்தான். குழாயைத் தம்பிலுவில் இளையதம்பி வாங்கி, வயரை ஒட்டித் தன் பாண் ஆட்டோவில் கட்டியிருக்கிறான். கல்முனையில் ஏற்றின பாண் அறுகம்பே வரைக்கும் சுடச்சுடப் போகிறது. சனம் வாங்கித் தின்கிறது, ஏன் ஆறவில்லை என்று ஒருத்தரும் கேட்பதில்லை. அந்தப் பாட்டு வந்தால் றுஸ்தா யன்னலைச் சாத்திவிடுவாள். சந்திக் கடைப் பாணை வாங்கி, நன்றாக ஆறவிட்டுத்தான் தின்பாள்.