வீட்டுக்கு ஓர் ஆள்

காலத்தைப் பின்னுக்குத் திருப்பலாம் என்று கேட்டதும் கேதீஸ்வரிக்கு வேறொன்றும் காதில் ஏறவில்லை. தம்பியைப் பறிகொடுத்து வந்தவளிடம் நிதானத்தை எதிர்பார்ப்பதும் அநியாயம்தான்.

அந்த மாரியில் வாவி முட்டி வழிந்து, கதிர் தள்ளிய வெள்ளாமை வயல் வட்டையோடு மூழ்கியது. முகத்துவாரத்து மணல் திட்டை வெட்டிவிட்டால்தான் வெள்ளம் கடலுக்கு ஓடும். பெக்கோ இயந்திரம் வந்து பெரும்பாகத்தைத் தோண்டினாலும், கடைசி வரம்பை அந்த வட்டைக்காரர்கள் மண்வெட்டியால்தான் வெட்டுவார்கள். வீட்டுக்கு ஓர் ஆள் போயாக வேண்டும். போகாத வீட்டை ஊர் லேசில் மறக்காது, கல்யாண வீட்டிலும் செத்த வீட்டிலும் சொல்லிக் காட்டும். கேதீஸ்வரியின் புருஷன் கோணாமலை காய்ச்சலில் கிடந்தபடியால் தம்பி உதயரூபன் போனான். வரம்பு உடைந்த வேகத்தில் நீர் அவனை இழுத்துக்கொண்டு போனது. உடம்புகூடக் கிடைக்கவில்லை.

காத்தான்குடியில் ரேடியோவும் போனும் திருத்துகிற நஸீர்தான் அந்தக் கருவியை எடுத்துக் கொடுத்தார். பழைய இரும்போடு வந்தது என்பதற்கு மேல் அவர் வாய் திறக்கவில்லை. தேங்காய்ப் பாதியளவு இருந்தது. ஒரு திருகு, இரண்டு சின்ன விளக்குகள், அவ்வளவுதான்.

"தங்கச்சி, நல்லாக் கேளுங்க. நீங்க என்ன காரணத்துக்குத் திரும்பிப் போறீங்களோ, அந்தக் காரணத்த இது அழிய விடாது. காரணம் இல்லாட்டி நீங்க போயிருக்கவே மாட்டீங்களே. அத அழிக்கப் பாத்தா சிவப்பு எரியும், செஞ்சது செய்யாததாப் போயிரும். பச்சை எரிஞ்சா, காரணம் பத்திரமா இருக்கு எண்டு அர்த்தம்."

அப்படியென்றால் தம்பியைக் காப்பாற்ற முடியாதா என்று அவள் கேட்டாள். முடியும் என்றார் நஸீர். பிறகு கண்ணைத் தாழ்த்திக்கொண்டார்.

"ஆள் ஆரெண்டு அது பாக்கிறல்ல, தங்கச்சி."

'முடியும்' என்ற சொல்லோடு அவளுடைய காது அடைத்துவிட்டது. பச்சை நல்லது, சிவப்புக் கூடாது. அதை மட்டும் மனதில் முடிந்துகொண்டு திருகைத் திருகினாள்.

முகத்துவாரம் வெட்டுகிற அதே காலை. மழை தூறிக்கொண்டிருந்தது. உதயரூபன் பாயில் வாய் பிளந்து தூங்குவதைக் கண்டதும் அவளுக்கு அழுகை பீறிட்டது. அவனை எழுப்பி, வளவின் பின்பக்கத்து நெல் அறைக்குள்ளிருந்து ஒரு சாக்கு எடுத்து வரச் சொன்னாள். அவன் உள்ளே போனதும் கதவைச் சாத்திப் பூட்டினாள். மடியிலிருந்த கருவியைப் பார்த்தாள். பச்சை. பிள்ளையாருக்கு நேர்த்தி வைத்தாள்.

அவனுடைய மண்வெட்டியை வைக்கோலுக்குள் ஒளித்தாள். நடுங்கிக்கொண்டு கிடந்த கோணாமலையிடம், தம்பி விடியவே கிரானுக்குப் போய்விட்டான் என்று சொன்னாள். அப்போதும் பச்சை. பிறகு நிம்மதியாகக் குசினிக்குப் போய்ப் புருஷனுக்கு மல்லித் தண்ணீர் அவித்தாள். கொண்டுவந்து பார்த்தால் படுக்கை வெறுமையாகக் கிடந்தது. போர்வை மடித்து வைக்கப்பட்டிருந்தது.

வேலிக்கு அப்பால் நின்ற பக்கத்து வீட்டு இலட்சுமிப்பிள்ளைதான் சொன்னாள்.

"எங்கட மண்வெட்டிய இரவல் வாங்கிற்றுப் போறார் கா. காய்ச்சலோட ஏன் எண்டு கேட்டன். பொண்சாதி வீட்டில இருக்கிற மனிசன் நான், இந்த வீட்டால ஆள் போகல்ல எண்டு வந்தா எனக்கென்ன மரியாதை எண்டார்."

சீதனமாக அவளுக்கு வந்த வீடு அது. கட்டிய நாள் முதல் கோணாமலை அங்கேதான் இருக்கிறான். தம்பியைப் பூட்டி வைக்கத் தெரிந்தவளுக்குப் புருஷனின் ரோசம் நினைவுக்கு வரவில்லை.

கோணாமலைக்குப் போன் எடுத்தாள். மணி ஒருமுறை அடித்தது. சிவப்பு எரிந்தது. போன் தொடாதது போல சுவர் இறாக்கைத் தட்டில் இருந்தது. தெருவுக்கு ஓடினாள். சிவப்பு எரிந்தது. மறுபடி வேலியடியிலேயே நின்றுகொண்டிருந்தாள், காலில் சேறுகூட இல்லை. வீட்டுக்கு ஓர் ஆள் என்றால் தானே போகலாமே என்று வைக்கோலைக் கிளறி மண்வெட்டியை இழுத்தாள். அதற்கும் சிவப்புத்தான். மண்வெட்டி மறுபடி வைக்கோலுக்குள் கிடந்தது. காலத்தைத் திருப்பி வர ஒருத்தி வேண்டுமே. அழுவதற்கு அவள் உயிரோடு இருந்தாக வேண்டும். அப்போதுதான் நஸீர் கண்ணைத் தாழ்த்தியது அவளுக்கு விளங்கியது. கருவிக்கு வேண்டியது இந்த வீட்டிலிருந்து ஒரு சாவு; அது தம்பியா புருஷனா என்று அது பார்க்காது.

உதயரூபன் நெல் அறைக் கதவில் தட்டிக்கொண்டிருந்தான். வெட்டுக்கு நேரமாகிறது, மச்சானுக்குக் காய்ச்சல், நான் போகவேண்டும் என்று கத்தினான். திறந்துவிட்டால் நேரே ஓடிப்போய் மச்சானை வீட்டுக்குத் துரத்திவிட்டு வரம்பில் இறங்குவான். அவன் அப்படிப்பட்டவன்.

சாவியைப் பூட்டில் வைத்தாள். பச்சை.

எடுத்தாள். பச்சை.

மறுபடி வைத்தாள். விளக்கு இமைக்கவே இல்லை. அதற்கு இரண்டும் ஒன்றுதான்.

எவ்வளவு நேரம் அப்படி நின்றாளோ, தூரத்தில் பெரிய இரைச்சல் எழுந்தது. முகத்துவாரத்துப் பக்கமிருந்து சனங்களின் கூக்குரலும் சேர்ந்து வந்தது. சாவி இன்னும் அவள் கையிலேயே இருந்தது.

உள்ளே தட்டுவது நின்றது. உதயரூபன் கதவோடு காதை வைத்துக் கேட்டிருப்பான். பிறகு மெல்லிய குரலில் கேட்டான்.

"அக்கா, வெட்டிற்றாங்க போல. நம்மட வீட்டால ஆர் போன?"