எப்சிபாள் வைத்த விலாங்கு சூப்

கொக்கிரகுளம் ஆற்றங்கரையில் அம்மார் பாய் நடத்தும் சாப்பாட்டுக் கடையின் விலாங்கு சூப் வீடியோவை இருபது லட்சம் பேர் பார்த்துவிட்டார்கள். வழுக்கும் மீனைச் சாம்பல் தொட்டுப் பிடித்து, தோலுரித்து, மிளகு தட்டிப்போட்டுக் கொதிக்கவிடும் இரண்டு கைகள்தான் அதில் தெரியும். "மொகத்தை மட்டும் எடுத்துராதீய" என்று படம் பிடிக்க வந்தவர்களிடம் எப்சிபாள் முதலிலேயே சொல்லிவிட்டாள்.

ஏரலில் ஆற்றுமீனோடு வளர்ந்தவள். வாத்தியார் கணவருக்குப் பிடிக்காததால் முப்பது வருடம் விலாங்கைத் தொடவில்லை. அவர் போய் நான்கு வருடமாகிறது. பாளையங்கோட்டை வீட்டில் தனியாக இருக்கிறாள். கடைக்குச் சமைக்கப் போவது பெங்களூரில் இருக்கும் மகள் டெபோராவுக்குத் தெரிந்தால், "பேசாம எங்கூட வந்து இரி" என்பாள். ஒருமுறை போய் இருந்தும் பார்த்தாயிற்று. பத்தாவது மாடியில், எல்லோரும் வேலைக்குப் போனபின் கடிகாரச் சத்தம் மட்டும்தான். கடையில் பத்துப் பேர் இரைச்சலாவது உண்டு. மகளிடம், சபைப் பெண்கள் கூட்டத்துக்குப் போவதாகச் சொல்லிவைத்திருந்தாள்.

அந்த வீடியோவை டெபோராவே அனுப்பினாள். "எம்மா, நம்மூர்க் கடை! பாத்தியா?"

விரலில் டெபோரா வாங்கிக் கொடுத்த மோதிரம்கூடத் தெளிவாகத் தெரிந்தது. மகள் வேறொன்றும் கேட்கவில்லை.

அடுத்த வாரம், தூத்துக்குடியில் ஒரு கல்யாணத்துக்கு வந்த கையோடு டெபோராவும் மருமகனும் அந்தக் கடைக்கே வந்தார்கள். அடுப்படியில் நின்ற எப்சிபாளுக்கு மகளின் குரல் கேட்டது. உடனே போனும் அடித்தது.

"எம்மா, எங்கன இருக்க?"

"வீட்டுலதான்."

"சூப்பு வாங்கிட்டு வாறோம். உனக்கும் ஒண்ணு."

தனக்கான பார்சலைத் தானே ஊற்றிக் கட்டிக் கொடுத்துவிட்டு, அவர்கள் குடித்து முடிப்பதற்குள் பின்வாசல் வழியாக ஓடி ஆட்டோ பிடித்தாள். வீட்டில் கைகளை மூன்று முறை சோப்புப் போட்டுக் கழுவி முடிக்கவும் கார் வந்து நிற்கவும் சரியாக இருந்தது.

டெபோரா சூப்பைத் தம்ளரில் ஊற்றிக் கொடுத்தாள். "குடிச்சுப் பாரு. இப்பிடி ஒரு ருசி நான் பாத்ததே இல்ல."

எப்சிபாள் ஒரு மடக்குக் குடித்தாள். "இது நான் வச்சதுட்டி" என்றாள்.

டெபோரா விழுந்து விழுந்து சிரித்தாள். "ஆமா, விலாங்கை வீட்டுக்குள்ளயே விடாத ஆளு நீ. நீ வச்சியாக்கும்!"

இன்னொரு முறை சொல்லியிருக்கலாம். அதற்குள் வெளியே மருமகன் ஹாரன் அடித்தான். மகள் கன்னத்தில் ஒரு முத்தம் வைத்துவிட்டுக் கிளம்பினாள். பதினைந்து நிமிடம் இருந்திருப்பாள்.

கார் தெருமுனை திரும்பியதும் எப்சிபாள் உள்ளே வந்து, அடுப்பு மேடையோரம் நின்றபடியே மீதிச் சூப்பைக் குடித்தாள். உப்புச் சற்றுத் தூக்கல். நாளைக்குக் குறைத்துப் போட வேண்டும்.